கட்சி குறிப்பிடாத வாக்காளர்கள்: வாசகர் கேள்வி – பதில்

அமெரிக்க அரசியலில் எந்தக் கட்சியையும் சாராத வாக்காளர்களைப் பற்றி வந்த கேள்விகள் இம்முறை ஒன்றாகத் தொகுக்கப்பட்டுள்ளன. ஒரே பொருளைப் பலர் கேட்டிருந்த இடங்களில் ஒரு கேள்வி மட்டும் எடுத்துக்கொள்ளப்பட்டது.

கேள்வி: அமெரிக்கர்களில் பத்துப் பேரில் நான்கு பேருக்கு மேல் எந்தக் கட்சியையும் சாராதவர்கள் என்று படித்தேன். அது உண்மையானால் அங்கே இன்னமும் இரண்டே கட்சிகள் மாறி மாறி ஆள்வது எப்படி? – மதுரை வாசகர்

பதில்: எண்ணிக்கை உண்மைதான். காலப் நிறுவனம் ஆண்டு முழுவதும் எடுக்கும் கருத்துக்கணிப்புகளின் சராசரிப்படி, 2014, 2023, 2024 ஆகிய ஆண்டுகளில் தம்மைச் சார்பற்றவர் என்று சொல்லிக்கொண்டோர் 43 சதவீதம். 2024இல் ஜனநாயகக் கட்சியினர் என்றும் குடியரசுக் கட்சியினர் என்றும் சொல்லிக்கொண்டோர் தலா 28 சதவீதம். முப்பது ஆண்டுகளுக்கு முன்பு இந்த மூன்று பிரிவுகளும் ஏறத்தாழச் சமமாகவே இருந்தன என்பதை நினைத்தால் மாற்றம் சிறியதன்று.

ஆனால் கணிப்பாளர்கள் அந்த ஒரு கேள்வியோடு நிறுத்துவதில்லை. "சார்பற்றவர்" என்று பதில் சொன்னவரிடம், "அப்படியே இருக்கட்டும், இரண்டில் எந்தக் கட்சியின் பக்கம் கொஞ்சமேனும் சாய்கிறீர்கள்?" என்று அடுத்த கேள்வியையும் கேட்கிறார்கள். பெரும்பாலானோர் தயக்கமின்றி ஒரு கட்சியின் பெயரைச் சொல்லிவிடுகிறார்கள். பியூ ஆய்வு மையம் 2019இல் வெளியிட்ட கணக்கில் சார்பற்றவர்கள் 38 சதவீதம். அந்த 38இல் ஜனநாயகக் கட்சியின் பக்கம் சாய்வோர் ஏறத்தாழ 17, குடியரசுக் கட்சியின் பக்கம் சாய்வோர் 13, எந்தப் பக்கமும் சாயாதோர் வெறும் 7 சதவீதம். சாய்வோர் தேர்தல் நாளில் வாக்களிக்கும் விதம், கட்சியின் பெயரைச் சொல்லிக்கொள்ளும் சாதாரண ஆதரவாளரின் விதத்திலிருந்து பெரிதும் வேறுபடுவதில்லை. எப்பக்கமும் சாயாத அந்தச் சிறு பிரிவினரோ, அரசியலில் அக்கறை குறைந்தவர்களாகவும் வாக்குச்சாவடிக்கு வருவதே அரிதானவர்களாகவும் இருக்கிறார்கள்.

ஒரு கட்சிக்கே தொடர்ந்து வாக்களிப்பவர் அதன் பெயரைச் சொல்ல ஏன் கூச்சப்படுகிறார் என்பதே இதில் எனக்குச் சுவையான கேள்வி. தம் கட்சியின் மீதுள்ள விருப்பத்தைவிட எதிர்க்கட்சியின் மீதுள்ள வெறுப்பாலும் அச்சத்தாலும் வாக்களிப்போர் கடந்த சில பத்தாண்டுகளில் பெருகியிருக்கிறார்கள். அவர்களுக்குத் தம் கட்சியின் தலைவர்களைப் பற்றியும் நல்ல எண்ணம் இல்லை. ஆனாலும் மற்றது வந்துவிடக் கூடாது. கட்சிப் பெயர்களுக்கு நேர்ந்திருக்கும் இந்த மதிப்புக் குறைவை 43 என்ற எண் துல்லியமாகக் காட்டுகிறது. வாக்குகள் இடம் மாறிவிட்டன என்பதற்கு அது சான்றாகாது.

கேள்வி: வாக்காளர் பட்டியலிலேயே கட்சியின் பெயர் இருக்கும் என்று சொல்கிறார்களே, அது எப்படி? உறுப்பினர் அட்டை போன்றதா? – தஞ்சாவூர் வாசகர்

பதில்: நம் நாட்டு வாக்காளர் பட்டியலில் அப்படியொரு விவரத்துக்கு இடமே இல்லாததால் இது வியப்பாகத் தோன்றும். அங்கே ஏறத்தாழ 30 மாநிலங்களிலும் தலைநகர் வாஷிங்டனிலும், வாக்காளராகப் பதிவு செய்யும் படிவத்தில் கட்சியைக் குறிப்பிடவும் ஓர் இடம் உண்டு. சந்தா கிடையாது, அட்டை கிடையாது. கட்சி அவரைச் சேர்த்துக்கொள்வதும் இல்லை, நீக்குவதும் இல்லை. அரசு அலுவலகத்தின் ஏட்டில் ஒரு குறிப்பு, அவ்வளவுதான். டெக்சாஸ், ஜார்ஜியா, மிச்சிகன், விஸ்கான்சின், வர்ஜீனியா முதலிய மாநிலங்களில் அந்தக் குறிப்பும் கிடையாது.

கட்சியைக் குறிப்பிடாமல் விடுவோர் மாசசூசெட்ஸில் பதிவு பெற்ற வாக்காளர்களில் 60 சதவீதத்துக்கும் மேல். அலாஸ்காவில் பாதிக்கும் மேல். கொலராடோவில் இரு பெருங்கட்சிகளையும்விடப் பெரிய பிரிவு அவர்களே. வட கரோலினாவில் 2022இல் அந்த நிலையை எட்டினார்கள். இவற்றையெல்லாம் மக்கள் எழுச்சி என்று எழுதுவோர் படிவத்தையும் கொஞ்சம் பார்ப்பது நல்லது. ஆரிகன் மாநிலத்தில் 2016 முதல், ஓட்டுநர் உரிமம் பெறவோ புதுப்பிக்கவோ வருபவர் தகுதியுள்ளவரானால் தாமாகவே வாக்காளர் பட்டியலில் சேர்க்கப்படுகிறார். பின்னர் தபாலில் வரும் கடிதத்துக்குப் பதில் எழுதிக் கட்சியைத் தெரிவித்தாலொழிய அவர் கட்சி சாராதவராகவே பதிவாகிறார். நெவாடாவில் கட்சி சாராதோர் முதலிடத்துக்கு வந்ததிலும் இத்தகைய தானியங்கிப் பதிவுக்குப் பங்குண்டு. கடிதத்துக்குப் பதில் எழுதாத சோம்பலையும் அரசியல் மனப்போக்கு என்று கணக்கில் சேர்க்க முடியுமா என்பது ஐயத்துக்குரியதே.

கலிபோர்னியாவில் நடந்த வேடிக்கை ஒன்றையும் சொல்ல வேண்டும். அங்கே 'அமெரிக்கன் இண்டிபெண்டண்ட் கட்சி' என்ற பெயரில் ஒரு கட்சி பதிவில் உள்ளது. நிறப்பிரிவினையை ஆதரித்த அலபாமா முன்னாள் ஆளுநர் ஜார்ஜ் வாலஸ் 1968இல் ஜனாதிபதித் தேர்தலில் நிற்பதற்காகத் தோன்றிய கட்சி அது. லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ் நாளிதழ் 2016இல் ஆராய்ந்தபோது, அக்கட்சியில் பதிவாகியிருந்தோரில் நான்கில் மூன்று பங்கினர், தாங்கள் எந்தக் கட்சியும் இல்லாதவர்கள் என்று எண்ணி அந்தக் கட்டத்தில் குறியிட்டவர்கள் என்பது தெரியவந்தது.

கேள்வி: கட்சிகள் தம் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் முதற்கட்டத் தேர்தலான பிரைமரியில் சார்பற்றவர்களுக்கு இடமில்லை என்று குறைப்பட்டுக்கொள்கிறார்கள். தன் வேட்பாளரைத் தேர்ந்தெடுப்பது ஒரு கட்சியின் சொந்த விவகாரம்தானே? வெளியாருக்கு அங்கே என்ன வேலை? – சேலம் வாசகர்

பதில்: நியாயமான கேள்வி, அமெரிக்க உச்ச நீதிமன்றமே ஏறக்குறைய உங்கள் பக்கம்தான் நிற்கிறது. எல்லாக் கட்சிகளின் வேட்பாளர்களையும் ஒரே சீட்டில் இட்டு, யாரும் எந்தக் கட்சியின் வேட்பாளரையும் தேர்ந்தெடுக்கலாம் என்று கலிபோர்னியா செய்த ஏற்பாட்டை, யாரைச் சேர்த்துக்கொள்வது என்பதைத் தாமே முடிவு செய்யும் கட்சிகளின் உரிமைக்கு முரணானது என்று சொல்லி 2000ஆம் ஆண்டில் அந்நீதிமன்றம் தள்ளிவிட்டது. அதே உரிமையின் மறுபக்கமாக, கனெக்டிகட் மாநிலக் குடியரசுக் கட்சி சார்பற்றவர்களைத் தானே அழைத்துக்கொள்ள விரும்பியபோது, அதைத் தடுத்த மாநிலச் சட்டம் செல்லாது என்று 1986இல் தீர்ப்பளித்திருந்தது. ஆக, கதவைத் திறப்பதும் மூடுவதும் கட்சியின் விருப்பம் என்பதே சட்டத்தின் போக்கு.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. பிரைமரி என்னும் இந்த முதற்கட்டத் தேர்தலை நடத்துவது பெரும்பாலும் அரசு. வாக்குச்சாவடியும் ஊழியரும் எந்திரமும் பொதுப்பணத்தில் வருகின்றன. வரி செலுத்துவோரில் கட்சி குறிப்பிடாதவரும் அடக்கம். அதைவிட முக்கியமானது, பிரதிநிதிகள் சபைத் தொகுதிகளில் மிகப் பெரும்பாலானவை ஏதேனும் ஒரு கட்சியின் கோட்டையாக அமைந்துவிட்டன என்பது. மக்கள் தம்மைப் போன்றோர் வாழும் பகுதிகளில் குடியேறுவதாலும், மாநிலச் சட்டமன்றங்கள் தம் வசதிக்கேற்பத் தொகுதி எல்லைகளை வரைந்துகொள்வதாலும் இது நேர்ந்தது. இத்தகைய தொகுதியில் நவம்பர் தேர்தல் வெறும் சடங்கு. யார் வெல்வார் என்பது சில மாதங்களுக்கு முன்பே, தகுதியுள்ள வாக்காளர்களில் ஐந்தில் ஒரு பங்கினர் அளவே கலந்துகொள்ளும் பிரைமரியில் முடிவாகிவிடுகிறது. நியூயார்க், பென்சில்வேனியா, புளோரிடா போன்ற மாநிலங்களில் பிரைமரி மூடியது. கட்சியில் பதிவானவர் மட்டுமே வாக்களிக்கலாம். 2025இல் நியூயார்க் மாநகர மேயர் பதவிக்கு ஜனநாயகக் கட்சியின் வேட்பாளரை முடிவு செய்த ஜூன் பிரைமரியில், அந்நகரில் கட்சி குறிப்பிடாமல் பதிவாகியிருந்த பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் வெளியே நின்றார்கள். அதே மாநிலத்தில் 2016 ஏப்ரலில் டொனால்ட் டிரம்ப்பின் மகள் இவான்காவும் மகன் எரிக்கும் தம் தந்தைக்கு வாக்களிக்க முடியவில்லை. கட்சியைப் பதிவு செய்வதற்கு அப்போதிருந்த கெடு முந்தைய ஆண்டு அக்டோபரிலேயே முடிந்துபோயிருந்தது.

வெளியேறிய மிதவாதிகள் உள்ளே இல்லாதபோது, பிரைமரியில் எஞ்சுவது தீவிரமானவர்களின் வாக்கு. அதை அஞ்சி உறுப்பினர்கள் இன்னும் கடுமையாகப் பேசுகிறார்கள். அதைக் கேட்டு வெறுப்புற்று மேலும் சிலர் கட்சியிலிருந்து பெயரை நீக்கிக்கொள்கிறார்கள். சார்பற்றவர் பெருகப் பெருக இரு கட்சிகளும் விலகி விலகிப் போவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நான் கருதுகிறேன். திறந்த பிரைமரி உள்ள மாநிலங்களிலும் தீவிரமானவர்கள் வெல்லத்தான் செய்கிறார்கள் என்று மறுப்போர் உண்டு. அவர்கள் சொல்வதிலும் உண்மை உள்ளதால், இதை ஒரே காரணமாக்க மாட்டேன்.

மாற்று வழிகளும் முயலப்பட்டிருக்கின்றன. கட்சி வேட்பாளரைத் தேர்ந்தெடுப்பது என்ற பேச்சையே விட்டுவிட்டு, எல்லாரையும் ஒரே களத்தில் நிறுத்தி முதல் இருவரை நவம்பருக்கு அனுப்பும் முறையை வாஷிங்டன் மாநிலம் 2008 முதலும் கலிபோர்னியா 2012 முதலும் பின்பற்றுகின்றன; 2008இல் உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை சொல்லவில்லை. அலாஸ்கா 2020இல் இன்னும் ஓரடி முன்னே வைத்தது: முதல் நால்வர் நவம்பருக்குச் செல்வர், அங்கே வாக்காளர் முதல் விருப்பம், இரண்டாம் விருப்பம் என்று வரிசைப்படுத்தி வாக்களிப்பர். இந்த முறையில்தான் 2022இல் குடியரசுக் கட்சியின் மிதவாத செனட்டர் லிசா முர்கோவ்ஸ்கி, டிரம்ப்பின் ஆதரவு பெற்ற தம் கட்சிக்காரரையே வென்று பதவியைத் தக்கவைத்தார்; ஜனநாயகக் கட்சியின் மேரி பெல்டோலா, குடியரசுக் கட்சியின் முன்னாள் ஆளுநர் சாரா பேலினைத் தோற்கடித்துப் பிரதிநிதிகள் சபைக்குச் சென்றார். மூடிய பிரைமரியில் முர்கோவ்ஸ்கி தப்பியிருப்பார் என்று நினைக்க எனக்கு வழி தெரியவில்லை.

இதைக் கண்டு மற்ற மாநிலங்களும் பின்தொடரும் என்று பலர் எதிர்பார்த்தார்கள். 2024 நவம்பரில் கொலராடோ, ஐடஹோ, நெவாடா, மொன்டானா, அரிசோனா, தெற்கு டகோட்டா ஆகிய ஆறு மாநிலங்களில் பிரைமரியைத் திறக்கும் யோசனைகள் மக்களின் வாக்கெடுப்புக்கு வந்தன, ஆறிலும் தோற்றன. அலாஸ்காவிலேயே புதிய முறை, ஆயிரத்துக்கும் குறைவான வாக்குகள் வித்தியாசத்தில்தான் ரத்தாகாமல் பிழைத்தது. கட்சி சாராதோர் பெருந்திரளாக வாழும் கொலராடோவிலும் நெவாடாவிலும்கூட அவர்களுக்குப் பயன்படக்கூடிய சீர்திருத்தம் வெல்லவில்லை என்பது, இவர்களை ஓர் அணியாகத் திரட்டுவது எவ்வளவு கடினம் என்பதைக் காட்டுகிறது. கட்சிக்குக் கிளையும் நிதியும் ஊழியரும் உண்டு. கட்சி இல்லாதவருக்கு என்ன உண்டு? எனினும் 2025இல் நியூ மெக்சிகோ வாக்கெடுப்பின்றிச் சட்டமன்றத்தின் வழியாகவே பிரைமரியைச் சார்பற்றவர்களுக்குத் திறந்துவிட்டது.

கேள்வி: இவ்வளவு பேர் இருந்தும் ஒரு சுயேச்சை ஜனாதிபதியாக முடியாதா? – திருநெல்வேலி வாசகர்

பதில்: முதல் ஜனாதிபதி ஜார்ஜ் வாஷிங்டன் கட்சி இல்லாதவர், அவருக்குப் பின் கட்சியின்றித் தேர்ந்தெடுக்கப்பட்டவர் ஒருவரும் இல்லை. தடை விதிகளிலேயே உள்ளது. ஜனாதிபதியை முறைப்படி தேர்ந்தெடுப்பவர்கள் மாநிலவாரியாக அமையும் தேர்வாளர்களே; அவர்களின் 538 வாக்குகளில் 270 வேண்டும். 48 மாநிலங்களில், முதலிடம் பெற்றவருக்கே அம்மாநிலத்தின் எல்லாத் தேர்வாளர்களும் சேர்வர். 1992இல் டெக்சாஸ் தொழிலதிபர் ராஸ் பெரோ நாடு முழுவதும் 18.9 சதவீத வாக்குகளைப் பெற்றார். எந்த மாநிலத்திலும் முதலிடம் பெறாததால் அவருக்குக் கிடைத்த தேர்வாளர் வாக்கு சுழியம். மேலே சொன்ன ஜார்ஜ் வாலஸ் 1968இல் 13.5 சதவீதமே பெற்றார். ஆனால் அந்த ஆதரவு தென்மாநிலங்களில் திரண்டிருந்ததால் ஐந்து மாநிலங்களை வென்று 46 தேர்வாளர் வாக்குகளைப் பெற்றார். நாடெங்கும் பரவிய ஆதரவுக்கு இந்த முறையில் மதிப்பில்லை. சார்பற்றவர்களோ நாடெங்கும் பரவியிருப்பவர்கள். யாருக்கும் 270 கிடைக்காவிட்டால் முடிவு பிரதிநிதிகள் சபைக்குச் செல்லும். அங்கே மாநிலத்துக்கு ஒரு வாக்கு. உறுப்பினர்கள் அனைவரும் அநேகமாக இரு கட்சிகளைச் சேர்ந்தவர்கள்.

அதற்கு முன்பே, வாக்குச்சீட்டில் பெயர் இடம்பெறுவதற்கு ஒவ்வொரு மாநிலத்திலும் தனித்தனியே கையெழுத்துத் திரட்ட வேண்டும். 2024இல் டெக்சாஸ் கேட்டது 1,13,151 கையெழுத்துகள்; அவ்வாண்டு பிரைமரியில் வாக்களித்தவர் கையெழுத்திடக் கூடாது என்ற நிபந்தனையோடு. நியூயார்க் 45,000 கேட்டது. ராபர்ட் கென்னடி ஜூனியர் 2023 அக்டோபரில் ஜனநாயகக் கட்சியின் போட்டியிலிருந்து விலகிச் சுயேச்சையாக நின்று, இந்தப் படியேறி இறங்கும் வேலையிலும் வழக்குகளிலும் பெரும்பொழுதைக் கழித்து, 2024 ஆகஸ்டில் பிரசாரத்தை நிறுத்தி டிரம்ப்பை ஆதரித்தார்.

கேள்வி: செனட் சபையில் சுயேச்சைகள் இருக்கிறார்களே? – புதுச்சேரி வாசகர்

பதில்: இருக்கிறார்கள், வெர்மான்ட்டின் பெர்னி சாண்டர்ஸும் மெய்னின் ஆங்கஸ் கிங்கும். இருவரும் அவையில் ஜனநாயகக் கட்சியினரோடு அமர்கிறார்கள்; குழு உறுப்பினர் பதவிகளும் அவ்வழியே கிடைக்கின்றன. இரு கட்சிகளும் சமபலத்தில் இருக்கும்போது இத்தகைய ஒருவரின் எடை கூடிவிடும். 2001இல் செனட் 50க்கு 50 என்றிருந்த வேளையில் வெர்மான்ட்டின் ஜிம் ஜெஃபோர்ட்ஸ் குடியரசுக் கட்சியைவிட்டு விலகிச் சுயேச்சையாகி எதிரணியோடு சேர்ந்ததால், தேர்தல் ஏதுமின்றியே அவையின் ஆதிக்கம் கைமாறியது. ஆனால் பதவியில் இருந்துகொண்டு கட்சியை விடுவது வேறு, கட்சியின்றி வெல்வது வேறு. 2022 டிசம்பரில் ஜனநாயகக் கட்சியிலிருந்து விலகிய அரிசோனாவின் கிர்ஸ்டன் சினிமா மறுமுறை நிற்கவே இல்லை.

கவனிக்க வேண்டியவர் நெப்ராஸ்காவின் டான் ஆஸ்போர்ன். ஆலை இயந்திரப் பணியாளர். 2021இல் ஒமாஹாவில் கெல்லாக்ஸ் ஆலை வேலைநிறுத்தத்துக்குத் தலைமை தாங்கியவர். 2024 செனட் தேர்தலில் எந்தக் கட்சியோடும் அமரமாட்டேன் என்று சொல்லி நின்றார். ஜனநாயகக் கட்சி வேட்பாளரை நிறுத்தவில்லை. குடியரசுக் கட்சியின் கோட்டையில் அவர் 46 சதவீதத்துக்கு மேல் வாக்குப் பெற்றுத் தோற்றார். ஒரு கட்சியின் பெயரே வாக்கைக் கெடுக்கும் மாநிலங்களில், அப்பெயரின்றி நிற்பவருக்கு அக்கட்சி ஒதுங்கி வழிவிடும் உத்தி இனியும் முயலப்படும் என்று தோன்றுகிறது.

கேள்வி: எப்படியிருந்தாலும் நடுநிலையாளர்களைக் கவர்ந்தவரே அமெரிக்காவில் வெல்கிறார் என்பது சரிதானே? – சென்னை வாசகர்

பதில்: பாதி சரி. வாக்களித்து வெளியே வருவோரிடம் எடுக்கும் கணிப்புகளின்படி, சார்பற்றவர்களிடையே 2016இல் டிரம்ப்பும் 2020இல் 54க்கு 41 என்ற கணக்கில் பைடனும் முந்தினார்கள், இருவரும் வென்றார்கள். ஆனால் 2012இல் குடியரசுக் கட்சியின் மிட் ராம்னி 50க்கு 45 என்று ஒபாமாவை முந்தியும் தோற்றார். 2004இல் ஜான் கெர்ரியும் 2024இல் கமலா ஹாரிஸும் சார்பற்றவர்களிடையே சற்று முந்தியும் தோற்றார்கள். ராம்னியின் கதை எளிதில் விளங்கும்: தம் கட்சி போதிய அளவு பழமைவாதமாக இல்லை என்று கோபித்துக்கொண்ட குடியரசுக் கட்சிக்காரர்கள் பலர் அக்காலத்தில் தம்மைச் சார்பற்றவர் என்று சொல்லத் தொடங்கியிருந்தார்கள். அவர்களை நடுநிலையாளர் என்று எப்படிச் சொல்வது? சார்பின்மையும் மிதவாதமும் ஒன்றல்ல. கருக்கலைப்பில் ஒரு முனையிலும் குடியேற்றத்தில் மறு முனையிலும் நிற்பவரும் கணிப்பில் 'நடுவில்' விழுவார்.

இருந்தும், மெய்யாகவே ஊசலாடும் அந்தச் சிறு பிரிவை அலட்சியப்படுத்த முடியாது. 2020இல் பைடன் அரிசோனாவை வென்ற வித்தியாசம் 10,457 வாக்குகள், ஜார்ஜியாவில் 11,779. இத்தகைய இடங்களில் நூற்றில் ஒருவர் மனம் மாறினாலும் முடிவு மாறும்.

கேள்வி: இந்திய வம்சாவளியினர் ஜனநாயகக் கட்சியின் பக்கம் என்பார்கள். அதுவும் மாறுகிறதா? – கோயம்புத்தூர் வாசகர்

பதில்: மெல்ல மாறுகிறது. கார்னகி அறக்கட்டளையின் ஆய்வுகளின்படி, தம்மை ஜனநாயகக் கட்சியினர் என்று சொன்ன இந்திய அமெரிக்கர்கள் 2020இல் 56 சதவீதம், 2024இல் 47 சதவீதம். விலகியவர்களில் ஒரு பகுதி குடியரசுக் கட்சிக்கும் ஒரு பகுதி சார்பற்றோர் வரிசைக்கும் போயிருக்கிறது.

கேள்வி: என் மகள் நியூஜெர்சியில் அண்மையில் குடியுரிமை பெற்றாள். வாக்காளர் படிவத்தில் கட்சியை எழுதாமல் விட்டுவிட்டாளாம். வாக்குரிமை குறைந்துவிடுமா? – கும்பகோணம் வாசகி

பதில்: நவம்பர் தேர்தலில் எந்தக் குறையும் இல்லை, யாருக்கு வேண்டுமானாலும் வாக்களிக்கலாம். பிரைமரியிலும் நியூஜெர்சி, பக்கத்து மாநிலமான நியூயார்க்கைப் போல் கண்டிப்பானதன்று: கட்சி குறிப்பிடாமல் பதிவானவர் பிரைமரி நாளில் வாக்குச்சாவடிக்கே சென்று, அங்கேயே ஒரு கட்சியைத் தெரிவித்து அதன் சீட்டைப் பெற்று வாக்களிக்கலாம். அன்று முதல் ஏட்டில் அவர் அந்தக் கட்சியினராகவே இருப்பார். மீண்டும் கட்சியற்றவராக விரும்பினால் அதற்கென உள்ள படிவத்தை நிரப்பிக் கொடுக்க வேண்டும். ஒரு கட்சியிலிருந்து மற்றொன்றுக்கு மாறி அடுத்த பிரைமரியில் வாக்களிக்க நினைத்தால் மட்டும், அந்தத் தேர்தலுக்கு 55 நாட்களுக்கு முன்பே மாற்றத்தைத் தெரிவித்துவிட வேண்டும் என்று மகளிடம் சொல்லுங்கள்.